பட்டா உத்தரவை எதிர்த்து ரிட் மனு: உத்தரவு கைக்கு வந்த நாள் முதல் தீர்ப்பு அமலாகும் வரை

பட்டாவை ரத்து செய்துவிட்டார்கள், கூட்டுப் பட்டாவில் யாரோ ஒருவர் பெயரைச் சேர்த்துவிட்டார்கள், பல வருஷமாகக் குடியிருக்கிற இடத்தைப் புறம்போக்கு என்று சொல்லிக் கதவில் நோட்டீஸ் ஒட்டிவிட்டார்கள். இந்த மாதிரி வருவாய்த் துறை எடுத்த முடிவை எதிர்த்து சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரைக் கிளையிலோ ரிட் மனு (அதிகாரியின் முடிவு சட்டப்படி எடுக்கப்பட்டதா என்று பார்க்கக் கேட்டு உயர் நீதிமன்றத்தில் போடும் மனு) போட என்னென்ன செய்ய வேண்டும், எதை முதலில் செய்ய வேண்டும் என்பதை இங்கே எழுதுகிறேன்.

மனுவை எழுதுவதும் வாதாடுவதும் வக்கீலின் வேலை. அவரிடம் நீங்கள் கொண்டுபோய்க் கொடுக்கிற ஆவணக் கட்டுக்குள் என்ன இருக்கிறது என்பது உங்கள் வேலை. இந்த இரண்டாவது வேலையில்தான் பெரும்பாலானவர்கள் தடுமாறுகிறார்கள், அதனால் இந்தக் கட்டுரையில் முக்கால்வாசி அதைப் பற்றித்தான்.

1. சண்டை எதைப் பற்றியது என்று முதலில் பிரித்துப் பாருங்கள்

ரிட் மனுவில் நிலம் யாருக்குச் சொந்தம் என்று உயர் நீதிமன்றம் முடிவு செய்யாது. சாட்சியைக் கூண்டில் ஏற்றி, பத்திரத்தில் உள்ள கையெழுத்து உண்மையா என்று குறுக்கு விசாரணை செய்வதெல்லாம் சிவில் கோர்ட்டில் நடப்பது. அரசியல் சாசனத்தின் 226-வது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றம் பார்ப்பது, அந்த அதிகாரி அந்த முடிவுக்கு வந்த விதம் சரியா என்பதை. நோட்டீஸ் கொடுத்தாரா, உங்கள் தரப்பைக் கேட்டாரா, அந்த உத்தரவைப் போட அவருக்கு அதிகாரம் இருந்ததா, காரணம் எழுதினாரா, சட்டம் சொன்ன முறைப்படி நடந்தாரா.

இதைப் பிரித்துப் பார்க்காமல் போகிறவர்கள் தாத்தா வாங்கிய கிரயத்தில் ஆரம்பித்து மூன்று தலைமுறைக் கதையை மனுவில் கொட்டுகிறார்கள். நீதிபதி அதைப் படித்ததும் சொல்லக்கூடியது ஒன்றுதான்: இது உரிமை குறித்த தகராறு, சிவில் கோர்ட்டுக்குப் போங்கள். உங்கள் வாயாலேயே வழக்கை வெளியே அனுப்பியது மாதிரி ஆகிவிடும்.

பட்டா என்பது உரிமைப் பத்திரம் இல்லை என்பதையும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். வருவாய்ப் பதிவேட்டில் பெயர் ஏறுவதால் உரிமை உண்டாவதும் இல்லை, பெயர் நீங்குவதால் உரிமை அழிவதும் இல்லை என்று சுப்ரீம் கோர்ட் 1996-ல் சவர்ணி வழக்கில் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. எதிராளி போலிப் பத்திரம் போட்டுவிட்டான் என்பதுதான் உங்கள் முக்கியமான புகார் என்றால், உங்களுக்கு வேண்டியது உரிமை விளம்புகைக்கான (நிலம் உங்களுடையது என்று அறிவிக்கக் கேட்கும்) சிவில் வழக்கு. 1983-ம் வருஷத்து தமிழ்நாடு பட்டா பாஸ்புத்தகச் சட்டத்தின் 14-வது பிரிவே அதற்கு வழிவிட்டிருக்கிறது. அரசையும் சேர்த்து சிவில் வழக்கு போடுவதாக இருந்தால், சிவில் நடைமுறைச் சட்டம் 80-வது பிரிவின்படி இரண்டு மாத நோட்டீஸ் முன்கூட்டியே கொடுக்க வேண்டும்; அவசரம் என்றால் கோர்ட் அனுமதி கேட்டு அதைத் தாண்டலாம். ரிட் மனுவுக்கு அந்த நோட்டீஸ் தேவையில்லை.

ஆனால் இதே விதி உங்களுக்குச் சாதகமாகவும் திரும்பும். இரண்டு தரப்பும் உரிமை கொண்டாடும்போது, யாருக்குச் சொந்தம் என்று தாசில்தாரோ ஆர்.டி.ஓ.வோ (வருவாய்க் கோட்டாட்சியரோ) தானே தீர்ப்புச் சொல்ல முடியாது. சிவில் கோர்ட்டுக்குப் போகச் சொல்லி அனுப்ப வேண்டும். 2011-ல் விஸ்வாஸ் ஃபுட்வேர் வழக்கில் சென்னை உயர் நீதிமன்ற அமர்வு சொன்ன இந்தக் கருத்து பட்டா வழக்குகளில் திரும்பத் திரும்ப எடுத்துக்காட்டப்படுகிறது. ஆகவே உங்கள் பட்டாவை ரத்து செய்த உத்தரவில் "இன்னாரின் கிரயமே செல்லும், இவரின் உயில் செல்லாது" என்ற மாதிரி வரிகள் இருந்தால், அந்த வரிகளே ரிட் மனுவுக்கு நல்ல காரணம்.

2. உத்தரவைப் "பார்வை"யில் இருந்து படியுங்கள்

எல்லாரும் கடைசிப் பத்தியை மட்டும் படித்துவிட்டு ஓடி வருகிறார்கள். உத்தரவின் பலவீனம் பெரும்பாலும் முதல் பக்கத்தில்தான் இருக்கும்.

வருவாய்த் துறையின் செயல்முறை ஆணை எதை எடுத்தாலும் மேலே ந.க. எண் (கோப்பின் எண்), தேதி, அதன் கீழே "பொருள்", அதற்கும் கீழே "பார்வை" என்று வரிசை எண் போட்ட ஒரு பட்டியல் இருக்கும். அந்த அதிகாரி எந்தெந்தக் காகிதத்தைப் பார்த்து முடிவெடுத்தார் என்பதற்கு அவர் கையெழுத்தில் இருக்கும் ஆதாரம் அந்தப் பட்டியல்தான். ஒரு பென்சிலை எடுத்துக்கொண்டு ஒவ்வொரு வரியாகப் போங்கள். எதிராளியின் மனு இருக்கிறதா? வி.ஏ.ஓ. (கிராம நிர்வாக அலுவலர்), ஆர்.ஐ. (வருவாய் ஆய்வாளர்) அறிக்கை இருக்கிறதா? உங்களுக்கு அனுப்பிய அழைப்பாணை இருக்கிறதா? நீங்கள் எழுதிக் கொடுத்த பதில் இருக்கிறதா?

ஒரு உதாரணம் வைத்துக்கொள்வோம். பார்வை 1 எதிராளியின் மனு, தேதி மார்ச் 3. பார்வை 2 தாசில்தாரின் அறிக்கை, மார்ச் 20. உத்தரவின் தேதி மார்ச் 24. நடுவில் விசாரணை அறிவிப்பு என்று எதுவுமே இல்லை, ஆனால் மூன்றாவது பத்தியில் "இரு தரப்பினரும் விசாரிக்கப்பட்டனர்" என்று ஒரு வரி வருகிறது. எந்தத் தேதியில், எந்த அறிவிப்பின் பேரில் விசாரித்தார்கள் என்று அரசுத் தரப்பு கோப்பைக் காட்டித்தான் சொல்ல முடியும். காட்ட முடியாவிட்டால் உத்தரவு நிற்பது கஷ்டம். நீங்கள் ஒப்புகை வாங்கிக்கொண்டு கொடுத்த எழுத்துப்பூர்வ பதில் பார்வையில் இல்லையென்றால், அதைப் படிக்காமலே முடிவெடுத்தார்கள் என்று வாதாட இடம் இருக்கிறது.

அடுத்து, காரணம் சொல்லும் பகுதியைப் பாருங்கள். மனுதாரர் சொன்னதை ஒரு பத்தி, எதிர்மனுதாரர் சொன்னதை ஒரு பத்தி என்று எழுதிவிட்டு, "மேற்கண்ட சூழ்நிலையில் ஆணையிடப்படுகிறது" என்று முடிக்கிற உத்தரவுகள் ஏராளம். ஏன் ஒன்றை ஏற்றார், ஏன் மற்றதைத் தள்ளினார் என்று ஒரு வரிகூட இருக்காது. விட்டுப்போன காரணத்தைப் பின்னால் பதில் மனுவில் எழுதி ஒட்டவைக்க முடியாது என்று மொஹிந்தர் சிங் கில் வழக்கில் சுப்ரீம் கோர்ட் சொன்ன விதி இங்கே நேராகப் பொருந்தும்.

கையெழுத்துப் போட்டவர் யார் என்பதையும் பாருங்கள். அந்தச் சட்டத்தில் அந்த அதிகாரம் அவருக்கு உண்டா? முன்பே ஒரு ஆர்.டி.ஓ. மேல்முறையீட்டில் முடித்துவைத்ததை, பின்னால் வந்த தாசில்தார் புதிய மனு ஒன்றை வாங்கிக்கொண்டு மாற்றியிருக்கிறாரா? அப்படி இருந்தால் அதிகாரமே இல்லாமல் போட்ட உத்தரவு என்று அதை முதல் காரணமாக எழுதலாம்.

3. தேதிகளைப் பத்திரப்படுத்துங்கள்

உத்தரவு வந்த தபால் உறையை எறியாதீர்கள். உத்தரவில் உள்ள தேதி ஒன்று, அது உங்கள் கைக்கு வந்த தேதி வேறு. சில நேரம் இடையில் இரண்டு மாதம்கூட இருக்கும். உறையின் மேலுள்ள அஞ்சல் முத்திரைதான் உங்கள் சாட்சி. நேரில் வாங்கியிருந்தால் வாங்கிய தேதியை எழுதி ஒரு நகல் எடுத்து வையுங்கள்.

ரிட் மனுவுக்கு இத்தனை நாள் என்று காலவரம்புச் சட்டம் கெடு வைக்கவில்லை. அதை நம்பி மூன்று வருஷம் சும்மா இருந்துவிட்டு வருகிறவர்கள் உண்டு. கெடு இல்லை என்றாலும் காரணமில்லாத தாமதத்துக்காகவே மனுவைத் தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு அதிகாரம் இருக்கிறது. அதிலும் இடைப்பட்ட காலத்தில் எதிராளி நிலத்தை விற்று, வாங்கியவர் வீடு கட்டியிருந்தால் உங்கள் நிலைமை மோசமாகிவிடும்.

நடுவில் மனு மேல் மனு அனுப்பிக்கொண்டிருந்தால் காலம் நீளும் என்று நினைக்காதீர்கள். பழைய விஷயத்துக்குப் புதிதாக ஒரு மனு கொடுத்து, அதைப் பரிசீலிக்கச் சொல்லி உத்தரவு வாங்கினாலும், செத்துப்போன கோரிக்கை உயிர் பெறாது என்று சி. ஜேக்கப் வழக்கில் 2008-ல் சுப்ரீம் கோர்ட் சொல்லிவிட்டது.

4. மேல்முறையீடு பாக்கி இருக்கிறதா என்று பாருங்கள்

புதிதாக வருகிறவர்களின் மனுக்கள் அதிகம் அடிபடுவது இங்கேதான். தாசில்தார் உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு நேராக உயர் நீதிமன்றம் போனால், "மாற்று வழி இருக்கிறதே, அதற்குப் போங்கள்" என்று திருப்பி அனுப்பப்பட வாய்ப்பு அதிகம். அதற்குள் மேல்முறையீட்டுக்கான கெடுவும் தாண்டியிருக்கும்.

பட்டா பாஸ்புத்தகச் சட்டப்படி தாசில்தார் உத்தரவுக்கு 12-வது பிரிவின் கீழ் ஆர்.டி.ஓ.விடம் மேல்முறையீடு, அதற்கும் மேலே 13-வது பிரிவின் கீழ் டி.ஆர்.ஓ.விடம் (மாவட்ட வருவாய் அலுவலரிடம்) சீராய்வு. டி.ஆர்.ஓ.வும் முடித்துவிட்டால் பொதுவாக அடுத்த படி ரிட் மனுதான்.

புறம்போக்கு விஷயம் வேறு. 1905-ம் வருஷத்து நில ஆக்கிரமிப்புச் சட்டத்தில் முதலில் 7-வது பிரிவின் கீழ் விளக்கம் கேட்கும் நோட்டீஸ் வரும், பிறகு 6-வது பிரிவின் கீழ் காலி செய்யும் உத்தரவு. இந்த எண் வரிசை தலைகீழாக இருப்பதால் பலருக்குக் குழப்பம். 7-வது பிரிவு நோட்டீஸ் வந்தவுடனே அதை எதிர்த்து ரிட் போடாதீர்கள். அது இன்னும் முடிவே இல்லை, பதில் கொடுங்கள் என்றுதான் நீதிமன்றம் சொல்லும். ஆவணங்களோடு விரிவாகப் பதில் எழுதி, ஒப்புகை வாங்குங்கள். உத்தரவு வந்தபின் 10-வது பிரிவில் மேல்முறையீடு உண்டு. அந்தச் சட்டத்தின் நடவடிக்கைக்கு எதிராக சிவில் கோர்ட்டுக்குப் போவதாக இருந்தால் ஆறு மாதத்துக்குள் போக வேண்டும் என்று 14-வது பிரிவு சொல்கிறது, அதையும் கவனியுங்கள். ஏரி, குளம் சம்பந்தப்பட்ட ஆக்கிரமிப்புக்கு 2007-ம் வருஷத்துச் சட்டம் தனியாக இருக்கிறது. நோட்டீஸின் மேலே எந்தச் சட்டம், எந்தப் பிரிவு என்று எழுதியிருக்கிறதோ அதை வைத்துத்தான் அடுத்த படியை முடிவு செய்ய வேண்டும்.

மேல்முறையீடு இருந்தும் நேராக ரிட் போடக்கூடிய சந்தர்ப்பங்கள் உண்டு. நோட்டீஸே கொடுக்காமல் இயற்கை நீதிக்கு விரோதமாக உத்தரவு போட்டது, அதிகாரமே இல்லாதவர் போட்டது, அடிப்படை உரிமை மீறல், சட்டமே செல்லாது என்ற வாதம். 1998-ம் வருஷத்து வேர்ல்பூல் வழக்கு இந்த விதிவிலக்குகளை வரிசைப்படுத்தியது. உங்களுடையது இதில் ஒன்று என்றால், மனுவில் அதற்கென்று தனிப் பத்தி எழுதச் சொல்லுங்கள். அது இல்லாமல் போனால் முதல் நாளே அந்தக் கேள்வியில் மாட்டிக்கொள்வீர்கள்.

நிலம் எடுப்பில் இழப்பீடு போதாது என்பது மட்டுமே குறை என்றால், 2013-ம் வருஷத்துச் சட்டத்தின் 64-வது பிரிவின் கீழ் உரிய ஆணையத்துக்கு அனுப்பக் கேட்பதுதான் வழி. ரிட் அங்கே உதவாது.

5. ஆவணங்கள்: எதை, எந்த வரிசையில்

இப்போதைய பட்டா, அ பதிவேடு நகல், புலப்படம் மூன்றையும் அரசு இணைய சேவையில் எடுத்துவிடலாம். நகரப் பகுதி என்றால் நகர நில அளவைப் பதிவேடு. வில்லங்கச் சான்று பதிவுத்துறைத் தளத்தில். இதெல்லாம் ஒரு நாள் வேலை.

கஷ்டமான பகுதி பழைய பதிவேடுகள். உங்கள் பத்திரத்தில் ஒரு சர்வே எண், பட்டாவில் வேறு எண் என்று இருந்தால், அந்த இரண்டும் ஒரே நிலம்தான் என்று காட்டும் கண்ணி இல்லாமல் கட்டு நிற்காது. 1980-களில் நிலப் பதிவேடுகளைப் புதுப்பிக்க நடந்த யு.டி.ஆர். திட்டத்தில் எண்களும் பெயர்களும் மாறிய கிராமங்கள் எத்தனையோ. அதில் விழுந்த பிழைதான் இன்றைக்கும் பல பட்டாத் தகராறுகளுக்கு வேர். யு.டி.ஆருக்கு முந்தைய அ பதிவேடு, நில வரித்திட்டப் பதிவேடு, பழைய எண்ணுக்கும் புதிய எண்ணுக்கும் ஒப்பீட்டு விவரம் ஆகியவற்றை முத்திரையிட்ட நகலாகக் கேளுங்கள். ரொம்பப் பழைய பத்திரத்தில் பைமாஷ் எண் (சர்வே எண்ணுக்கு முந்தைய கால அளவை எண்) மட்டும் இருக்கும், அதற்கும் ஒப்பீடு வேண்டும். ஜமீன், இனாம் கிராமமாக இருந்தால் 1948, 1963 ஒழிப்புச் சட்டங்களின் கீழ் நடந்த தீர்வு நடவடிக்கைகளின் நகல் இருக்கிறதா என்று தேடுங்கள்.

உத்தரவு சம்பந்தமான கோப்பையே கேட்டு வாங்குவது எல்லாவற்றையும்விட முக்கியம். தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு விண்ணப்பித்து, ந.க. எண்ணைக் குறிப்பிட்டு, விசாரணை அறிவிப்பு அனுப்பியதற்கான ஒப்புகை, வி.ஏ.ஓ., ஆர்.ஐ., சர்வேயர் அறிக்கைகள், கோப்புக் குறிப்புகள் என்று தனித்தனியாகப் பெயர் சொல்லிக் கேளுங்கள். "சம்பந்தப்பட்ட அனைத்து ஆவணங்களும்" என்று மொட்டையாகக் கேட்டால் மொட்டையாகத்தான் பதில் வரும். பதிலுக்கு 30 நாள். "அப்படி ஓர் ஒப்புகை கோப்பில் இல்லை" என்று பதில் வந்தால் அந்தக் காகிதம் தங்கம், முதல் ஆவணமாக வைக்கலாம். நாள் இல்லை, இடிக்க வருகிறார்கள் என்றால் இதற்காகக் காத்திருக்க வேண்டாம். மனு போட்டபிறகு கூடுதல் டைப் செட்டாக (மனுவோடு இணைக்கும் ஆவணத் தொகுப்பாக) தாக்கல் செய்யலாம்.

பிறகு எல்லாவற்றையும் தேதி வரிசையில் அடுக்குங்கள். ஒரு தாளில் தேதி, என்ன நடந்தது, எந்த ஆவணம் என்று மூன்று கட்டம் போட்டு எழுதுங்கள். பக்கம் பக்கமாகக் கதை சொல்வதைவிட இந்த ஒரு தாள் வக்கீலுக்கு அதிகம் உதவும்.

6. என்ன கேட்பது

உத்தரவு ஒன்று ஏற்கெனவே இருந்தால் அதை ரத்து செய்யக் கேட்க வேண்டும். அதை விட்டுவிட்டு "என் பெயரில் பட்டா கொடுக்க ஆணையிடுங்கள்" என்று மட்டும் கேட்டால், எதிரான உத்தரவு அப்படியே உயிரோடு இருக்கும்போது எப்படி ஆணையிடுவது என்ற கேள்வி வரும். சென்னை உயர் நீதிமன்றத்தில் இதற்காகவே ரத்து செய்வதையும் செயலுறுத்துவதையும் சேர்த்துக் கேட்கும் செர்ஷியோரரிஃபைட் மாண்டமஸ் என்ற வடிவம் வழக்கத்தில் இருக்கிறது: இந்த ந.க. எண், இந்தத் தேதியிட்ட உத்தரவை வரவழைத்து ரத்து செய்து, அதன் தொடர்ச்சியாக இன்னதைச் செய்ய உத்தரவிடுங்கள் என்று.

கோரிக்கைப் பத்தியில் ந.க. எண், தேதி, சர்வே எண், உட்பிரிவு, பரப்பு, கிராமம், வட்டம், மாவட்டம் எல்லாவற்றையும் உத்தரவோடு ஒப்பிட்டு நீங்களே ஒருமுறை சரிபாருங்கள். 112/3ஏ என்பது 112/3 என்று ஆகிவிட்டால், ஜெயித்தபிறகு தாலுகா ஆபீஸில் அதைக் காட்டியே வேலையை நிறுத்துவார்கள்.

மனு கொடுத்து மாதக்கணக்கில் பதிலே இல்லை, உத்தரவும் இல்லை என்றால் மாண்டமஸ் (செய்யச் சொல்லும் ஆணை) மட்டும் போதும். இத்தனை வாரத்துக்குள் விசாரித்து முடிவு செய்யுங்கள் என்று உத்தரவு கிடைக்கும். அதில் "தகுதியின் அடிப்படையில், சட்டப்படி" என்றுதான் இருக்கும். உங்களுக்குச் சாதகமாகச் செய்யச் சொல்லவில்லை என்பது புரிந்துதான் இதைக் கேட்க வேண்டும், கட்டு பலவீனமாக இருக்கும்போது இப்படிக் கேட்டால் ஒரு பாதகமான உத்தரவை நீங்களே அவசரப்படுத்தி வாங்கியதாகிவிடும்.

7. எதிர்மனுதாரர்கள்

அதிகாரிகளைப் பதவிப் பெயரில் போடுங்கள், ஆள் பெயரில் வேண்டாம். உத்தரவு போட்டவர், அதற்குக் கீழே அதை அமல்படுத்த வேண்டிய தாசில்தார், தேவைப்பட்டால் மாவட்ட ஆட்சியர். தலைமைச் செயலாளரில் ஆரம்பித்துப் பத்துப் பேரைச் சேர்ப்பதால் பலம் கூடாது, எல்லாருக்கும் நோட்டீஸ் போய்ச் சேருவதுதான் தாமதமாகும்.

அந்த உத்தரவால் பலன் அடைந்த தனிநபரைக் கட்டாயம் சேர்க்க வேண்டும். "அவனைச் சேர்த்தால் வக்கீல் வைத்து இழுத்தடிப்பான், அதிகாரிகள் மட்டும் போதும்" என்று சிலர் அடம்பிடிப்பார்கள். யாருக்குச் சாதகமாக உத்தரவு இருக்கிறதோ அவர் இல்லாமல் அதை ரத்து செய்ய முடியாது என்பது உதித் நாராயண் சிங் வழக்கில் 1962-லேயே சுப்ரீம் கோர்ட் சொன்னது. அவரை விட்டுவிட்டு வாங்கிய உத்தரவு, அவர் வந்து முறையிட்ட அன்றே ஆட்டம் காணும். அவர் இறந்திருந்தால் வாரிசுகள், விற்றிருந்தால் வாங்கியவர். மனு போடுகிற வாரம் புதிதாக வில்லங்கம் எடுத்துப் பார்க்கச் சொல்வது இதற்காகத்தான்.

8. பிரமாணப் பத்திரத்தில் எதையும் மறைக்காதீர்கள்

மனுவுக்கு ஆதாரமாக நீங்கள் சத்தியம் செய்து கையெழுத்திடுவது பிரமாணப் பத்திரம். ஆங்கிலத்தில் இருக்கும். நீங்கள் தமிழில் கையெழுத்துப் போடுகிறீர்கள் என்றால் படித்துக் காட்டி விளக்கியதாக ஒரு குறிப்பு இருக்கும். அந்தக் குறிப்பு வெறும் சடங்காக ஆகிவிடாமல், உண்மையிலேயே வரி வரியாகப் படித்துச் சொல்லச் சொல்லுங்கள், கேட்பதற்குக் கூச்சப்பட வேண்டாம். அதில் உள்ள ஒவ்வொரு வரிக்கும் நீங்கள்தான் பொறுப்பு.

அதே நிலம் பற்றி முன்பு நடந்த எந்த வழக்கையும் விடாதீர்கள். முன்சீப் கோர்ட்டில் தோற்ற வழக்கு, அண்ணன் தம்பிக்குள் நடந்த பாகப்பிரிவினை, பாதியில் விட்ட மேல்முறையீடு, எல்லாம். நமக்குப் பாதகமானதை நாமே ஏன் சொல்ல வேண்டும் என்று தோன்றும். நீங்கள் சொன்னால் அதற்கு விளக்கமும் நீங்களே சொல்லலாம், எதிராளி எடுத்துக் காட்டினால் விளக்கம் கேட்கவே ஆள் இருக்காது. உண்மையை மறைத்து வாங்கிய தீர்ப்பு மோசடியால் வாங்கிய தீர்ப்பு என்று செங்கல்வராய நாயுடு வழக்கில் 1994-ம் வருஷத் தொகுப்பில் வந்த தீர்ப்பு சொல்கிறது, அதுவும் ஒரு சொத்துத் தகராறில் எழுந்ததுதான்.

காரணங்களைப் பொறுத்தவரை, வலுவான மூன்று போதும். நோட்டீஸ் இல்லை, காரணம் இல்லை, அதிகாரம் இல்லை. அதிகாரி பணம் வாங்கிவிட்டார் என்ற குற்றச்சாட்டைக் கையில் ஆதாரம் இல்லாமல் எழுதாதீர்கள். அதை எழுதினால் அவரைப் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும், நிரூபிக்கவும் வேண்டும், மற்ற நல்ல காரணங்களின் மேலிருந்து கவனம் போய்விடும்.

9. தாக்கலும் எண்ணும்

நிலம் மதுரை, திருச்சி, தஞ்சாவூர், திருநெல்வேலி, கன்னியாகுமரி, திண்டுக்கல், தேனி, கரூர், புதுக்கோட்டை போன்ற மாவட்டங்களில் இருந்தால் 2004-ல் தொடங்கிய மதுரைக் கிளை. வட மாவட்டங்களும், கரூர் போன்றவை நீங்கலாகக் கொங்குப் பகுதியும் சென்னை.

மனு, பிரமாணப் பத்திரம், டைப் செட், வக்காலத்து, இடைக்கால மனு எல்லாம் சேர்ந்து தாக்கலாகும்போது கிடைப்பது எஸ்.ஆர். எண். அது வழக்கு எண் கிடையாது. பதிவுத்துறை சரிபார்த்து, குறை இருந்தால் திருப்பிக் கொடுக்கும். மங்கலான நகல், மொழிபெயர்ப்பு இல்லாத தமிழ் ஆவணம், பக்க எண் தவறு, அசல் உத்தரவு இல்லை, இப்படித்தான் பெரும்பாலும் இருக்கும். "கேஸ் போட்டாச்சு" என்று நிம்மதியாக ஊருக்குப் போய்விடுகிறவர்களின் கட்டு, திருப்பி வந்த நிலையிலேயே வாரக்கணக்கில் கிடக்கும். டபிள்யூ.பி. எண் (ரிட் மனுவின் வழக்கு எண்) விழுந்ததா என்று கேட்டுக்கொண்டே இருங்கள், எண் விழுந்தபின் இணையத்தில் நீங்களே நிலவரம் பார்க்கலாம்.

பணம் இல்லை என்பதற்காக விட்டுவிட வேண்டாம். பெண்கள், பட்டியல் சாதி, பழங்குடியினர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்கு 1987-ம் வருஷத்துச் சட்டப்படி வருமானத்தைப் பார்க்காமலே இலவச சட்ட உதவி உண்டு. உயர் நீதிமன்ற சட்டப் பணிகள் குழுவை அணுகலாம், 15100 என்ற எண்ணிலும் கேட்கலாம்.

10. முதல் நாளும் ஸ்டேயும்

வழக்கு எடுத்துக்கொள்ளப்படும் முதல் நாளில் பேச்சு சில நிமிஷம்தான். அதற்குள் இரண்டு விஷயம் நீதிபதிக்குப் புரிய வேண்டும்: உத்தரவில் என்ன கோளாறு, இன்றைக்கே தடை தராவிட்டால் என்ன ஆகும். காலி செய்யக் குறித்த தேதி, மின் இணைப்பைத் துண்டிக்க வந்த கடிதம், புதிய பட்டாவை வைத்து எதிராளி போட்ட விற்பனை ஒப்பந்தம், இப்படி ஏதாவது காகிதம் இருந்தால் தடை கேட்க வலு இருக்கும்.

ஸ்டேக்கும் "தற்போதைய நிலை தொடரட்டும்" என்ற உத்தரவுக்கும் வித்தியாசம் உண்டு. உங்களை ஏற்கெனவே வெளியேற்றிவிட்டார்கள் என்றால், தற்போதைய நிலை என்பது எதிராளி உள்ளே இருக்கிற நிலை. அந்த உத்தரவை வாங்கிவிட்டு ஜெயித்த சந்தோஷத்தில் ஊருக்கு வருகிறவர்களைப் பார்க்கும்போது மனது கஷ்டமாக இருக்கும். எந்தத் தேதியில் யார் வசம் இருந்தது என்பதை மனுவில் எழுதி, எந்தத் தேதி நிலை என்று குறிப்பிட்டுக் கேட்கச் சொல்லுங்கள்.

வருவாய் உத்தரவுக்கு வாங்கிய ஸ்டே, எதிராளி இன்னொருவருக்கு விற்பதைத் தானாகத் தடுக்காது. அந்த ஆபத்து இருந்தால் சிவில் கோர்ட்டில் தடையாணை கேட்பதைப் பற்றி வக்கீலிடம் பேசுங்கள். அப்புறம், எதிர் தரப்பைக் கேட்காமல் கொடுத்த தடையை நீக்கச் சொல்லி அவர்கள் மனு போட்டால், 226(3) பிரிவுப்படி இரண்டு வாரத்துக்குள் அது முடிவு செய்யப்பட வேண்டும். ஆகவே ஸ்டே கிடைத்த மறுநாளே பதிலுரைக்குத் தயாராகிவிடுங்கள்.

உத்தரவு நகல் கிடைத்ததும் தாசில்தார், ஆர்.டி.ஓ., வி.ஏ.ஓ. எல்லாருக்கும் பதிவுத் தபாலிலும் நேரிலும் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். தெரியாது என்று சொல்ல வழி இருக்கக் கூடாது.

11. கவுண்டர் வந்தபின்

அரசுத் தரப்பு பதில் மனு வந்ததும் வக்கீல் நகலை வாங்கி, பத்தி எண் போட்டு உங்கள் பதிலைத் தமிழிலேயே எழுதிக் கொடுங்கள். உத்தரவில் இல்லாத புதுக் காரணம் எங்கெல்லாம் வருகிறதோ அங்கே கோடு போடுங்கள். "நோட்டீஸ் கொடுக்கப்பட்டது" என்று இருந்தால் எந்தத் தேதி, யார் வாங்கியது, கையெழுத்து எங்கே என்று கேட்டு, கோப்பை நீதிமன்றத்தில் காட்டச் சொல்லக் கோரலாம். இந்தக் கட்டத்தில் பலர் அசந்துவிடுகிறார்கள்.

12. உத்தரவு வந்தபிறகு செய்ய வேண்டியது

பட்டா ரிட் மனுக்களில் ஜெயிக்கிறவர்களுக்கு அதிகம் கிடைப்பது, "உத்தரவு ரத்து, இரு தரப்புக்கும் வாய்ப்புக் கொடுத்து இத்தனை வாரத்தில் மறுபடி விசாரித்து முடிவு செய்யவும்" என்பது. அதாவது அதே அலுவலகத்துக்குத்தான் திரும்பப் போகிறீர்கள். இந்த இரண்டாவது விசாரணையை முதல் விசாரணையைவிடப் பொறுப்பாக நடத்துங்கள். எழுத்துப்பூர்வ வாக்குமூலம், வரிசை எண் போட்ட ஆவணப் பட்டியல், இரண்டு பிரதி, ஒன்றில் அலுவலக முத்திரையோடு ஒப்புகை. விசாரணையில் கையெழுத்துப் போடச் சொன்னால் எழுதியிருப்பதைப் படித்துப் பார்த்துவிட்டுப் போடுங்கள், வெற்றுத் தாளில் ஒருபோதும் வேண்டாம்.

கெடு முடிந்தும் ஒன்றும் நடக்கவில்லை என்றால், உத்தரவின் நகலை இணைத்து ஒரு நினைவூட்டலும் அதற்குப் பின் வக்கீல் நோட்டீஸும் அனுப்புங்கள். அதற்கும் அசையவில்லை என்றால் அவமதிப்பு மனு. அதற்கு ஒரு வருஷக் கெடு உண்டு, 1971-ம் வருஷத்துச் சட்டம் 20-வது பிரிவு. அந்த ஒரு வருஷம் உத்தரவில் சொன்ன காலம் முடிந்து மீறல் தொடங்கியதிலிருந்து ஓடும், "பார்க்கலாம், செய்துகொண்டிருக்கிறோம்" என்ற வாய்வார்த்தையில் அதைக் கரைத்துவிடாதீர்கள்.

தோற்றால் தனி நீதிபதியின் உத்தரவுக்கு எதிராக இரு நீதிபதிகள் அமர்வில் ரிட் மேல்முறையீடு. 30 நாள். "சிவில் கோர்ட்டை அணுக உரிமை உண்டு" என்று சொல்லி முடித்திருந்தால், மேல்முறையீடா சிவில் வழக்கா என்று அந்த 30 நாளுக்குள்ளேயே முடிவெடுங்கள். சிவில் வழக்கு என்று முடிவு செய்தால், ரிட்டில் கழிந்த காலத்தைக் காலவரம்புச் சட்டம் 14-வது பிரிவின் கீழ் கழித்துக்கொள்ளக் கேட்க முடியுமா என்று வக்கீலிடம் கேளுங்கள். அதற்கு ரிட் மனுவின் தாக்கல் தேதி, முடிவான தேதி, சான்றிட்ட நகல் மூன்றும் வேண்டும், ஆகவே தீர்ப்பு வந்த வாரமே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பித்துவிடுங்கள்.